எங்கள் விடுதித் துரைமணியைப் பார்க்கக் கொல்கத்தா போனது

எனக்கு எழுபத்தொன்பது வயது. பெற்று வளர்த்தது நாலு. மிஷன் விடுதிச் சமையலறையில் முப்பத்தெட்டு வருஷம் சோறு பொங்கிப் போட்டு வளர்த்தது ஆயிரத்துக்குக் குறையாது. அந்த ஆயிரத்தில் ஒருவன், துரைமணி, இன்று ஆர்ச்பிஷப். பிஷப்புகளுக்கெல்லாம் மேலே இருக்கிற பிஷப். கடலில் சிதறிக் கிடக்கிற ஏழெட்டுத் தீவுகளின் ஆங்கிலிக்கன் சபைக்கு அவன்தான் தலைவன். அந்தத் தீவுகளின் பெயர் என் வாயில் நுழையாது. நுழைந்தாலும் எனக்கு எழுத வராது. அவனைப் பார்க்கத்தான் கொல்கத்தா வரைக்கும் போனேன்.

நம் சபைச் சேகரத்தில் அந்தத் திசைக்குப் போனவர்கள் யாரும் இல்லை. ஆகவே நம் மாதப் பத்திரிகைக்கு எழுதுகிறேன். படித்தது இரண்டாம் வகுப்பு. நான் எழுத்துக் கூட்டி எழுத எழுத, பேத்தி ஷீபா பிழை பார்க்கிறாள். ஆர்ச்பிஷப்பை 'அவர்' என்று எழுதச் சொல்கிறாள். மூக்குச் சிந்திவிட்ட பிள்ளையை எப்படி அவர் என்பது? கோயிலுக்குள் இருக்கும்போது அவர், வெளியே அவன். அப்படி ஒப்பந்தம் செய்துகொண்டோம். நான் மெதுவாகத்தான் சொல்வேன். அவசரக்காரர்கள் கடைசிப் பக்கத்துக்குப் போகலாம். போனால் ஒன்றும் விளங்காது.

வியாழக்கிழமை, காலை ஏழு மணி. சென்னை சென்ட்ரலில் வண்டி ஏறினோம். மூன்றடுக்கு ஏ.சி. பெட்டி, ஆளுக்கு ஆயிரத்து எழுநூற்றுத் தொண்ணூற்றைந்து ரூபாய். வயசாளிகளுக்கு இருந்த சலுகையை எடுத்துவிட்டார்களாம். மொத்தத் தூரம் ஆயிரத்து அறுநூற்று அறுபது கிலோமீட்டர். ஷீபா என் மூத்த மகன் பிள்ளை. கொல்கத்தாவில் சால்ட் லேக் என்கிற இடத்தில் கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலை. லீவில் வந்தவள் திரும்பும்போது என்னையும் கூட்டிக்கொண்டாள். துரைமணி நம் பக்கம் வரவில்லை. கொல்கத்தாவில் பிஷப்புகள் கூடுகிற கூட்டம் நாலு நாள். அதை முடித்து, அங்குள்ள தமிழ்ச் சபையில் ஒரு ஞாயிறு ஒன்பது பிள்ளைகளுக்குத் திடப்படுத்தல் நடத்திவிட்டுத் தீவுக்குப் போகிறான். இந்த வருஷத்தோடு அவனுக்கு ஓய்வு. இனி எப்போது பார்ப்பது?

எதிர் இருக்கையில் ஒரு வங்காளத் தம்பதி. வேலூரில் அந்த அம்மாவுக்கு ஆபரேஷன் முடிந்து ஊர் திரும்புகிறார்கள். மூன்று மாதம் இருந்ததில் கணவருக்கு இரண்டு தமிழ் வார்த்தை வந்திருந்தது. "சாப்ட்டாச்சா? பரவால்ல." நெல்லூர் வருவதற்குள் இதை நாலு தரம் கேட்டுவிட்டார். நான் எலுமிச்சம்பழச் சாதம் கொடுத்தேன், அவர் கடுகெண்ணெய் விரவிய பொரி கொடுத்தார். மூக்கில் ஏறி எனக்குக் கண்ணீரே வந்துவிட்டது. "பரவால்ல" என்றார்.

விஜயவாடா தாண்டியதும் ஷீபா போனை எடுத்தாள். கொல்கத்தாத் தமிழ்ச் சபையார் துரைமணியின் வாழ்க்கை வரலாற்றை ஒரு சின்னப் புத்தகமாகப் போட்டு, போனிலும் அனுப்பியிருந்தார்கள். அதை வாசித்துக் காட்டினாள்.

தகப்பன் பனையேறி, பிள்ளைக்கு ஐந்து வயதாகும்போது காய்ச்சலில் போய்விட்டார். தாய் கொண்டு வந்து விடுதியில் விட்டாள். அதெல்லாம் சரிதான். அவன் ஆறு வயதில் வந்த அதே வருஷம்தான் நானும் இருபது வயதில் சமையலறைக்குள் நுழைந்தேன். "சிறு பிராயத்திலேயே இடைவிடாமல் ஜெபத்தில் தரித்திருந்தார்" என்று ஷீபா வாசித்தபோது மட்டும் நான் நிறுத்தச் சொன்னேன். அவன் தரித்திருந்தது அடுப்புக்குப் பின்னால் விறகு மேல். தூங்குவான். கருப்பட்டிப் பானை இருந்ததும் அங்கேதான்.

பிறகு பாளையங்கோட்டையில் கல்லூரி, குருமடம். இருபத்தைந்து வயதில் தீவுக்கு வாத்தியாராகப் போனான். அங்கே கரும்புத் தோட்டத்தில் தமிழ் ஜனங்கள் இருக்கிறார்கள்; பெயர் தமிழ், பேச்சு வேறு. புயல் அடித்த வருஷம் கோயில் கூரை பறந்துபோனது. வீடிழந்தவர்களோடு ஒன்றரை மாதம் பள்ளிக்கூடத்தில் படுத்துக் கிடந்து, முதலில் அவர்களுக்குக் கூரை போட்டுவிட்டுக் கடைசியில் கோயிலுக்குப் போட்டானாம். முப்பத்தைந்தில் பிஷப். பிஷப் ஆன பிறகும் தீவுக்குத் தீவு மீன்படகில்தான் போவான், குடலைப் புரட்டி வாந்தி எடுத்துக்கொண்டே போவான் என்று எழுதியிருந்தது. எனக்கு அடக்க முடியாத பெருமை. எதிரிலிருந்த வங்காளத்தாருக்கு எல்லாவற்றையும் சொல்லச் சொன்னேன். ஷீபா இந்தியில் சொன்னாள். அந்த அம்மா படுத்தபடியே என்னைக் கும்பிட்டாள், நான்தான் படகு ஓட்டின மாதிரி.

அப்புறம் ஷீபா இதை வாசித்தாள். அவனே எழுதினது.

"எங்கள் விடுதியில் சமையல் செய்த அக்கா ஒருவர் உண்டு. மாதந்தோறும் நற்கருணை நாளில் பீடத்தண்டை முழங்காலிட்டு அப்பமும் திராட்சரசமும் வாங்கி, கண்களைத் துடைத்துக்கொண்டே திரும்புவார். அந்த முகத்தைப் பார்த்துத்தான், அந்த அப்பத்தைக் கொடுக்கிற ஆளாக நானும் ஆக வேண்டும் என்று எட்டு வயதில் தீர்மானித்தேன்."

"ஆச்சி, இது நீதான!" என்று ஷீபா பெட்டி முழுக்கக் கேட்கும்படி சொன்னாள். நான் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டேன். சந்தோஷம் என்று அவள் நினைத்தாள்.

இனி சொல்லப்போகிறது உங்களில் ஒருவருக்கும் தெரியாது. என் வீட்டுக்காரரும் இது தெரியாமல்தான் கண்ணை மூடினார்.

நான் திடப்படுத்தல் பெறாதவள்.

நம் சபையில் ஞானஸ்நானம் குழந்தையில் ஆகிவிடும். பதினாலு பதினைந்து வயதில் பிஷப் வந்து தலையில் கை வைத்து ஜெபித்தால்தான் திடப்படுத்தல். அதற்குப் பிறகுதான் நற்கருணை வாங்கலாம். என் தாய் வீட்டு ஊருக்குப் பிஷப் மூன்று வருஷத்துக்கு ஒரு தரம் வருவார். அவர் வந்த அன்று எனக்கு அம்மை. வேப்பிலையில் கிடந்தேன். வெள்ளைத் தாவணி பெட்டிக்குள் கிடந்தது. அடுத்த தரம் அவர் வருவதற்குள் பதினேழு வயதில் என்னைக் கட்டிக்கொடுத்து இங்கே அனுப்பிவிட்டார்கள். கல்யாணத்துக்குப் பின் வந்த முதல் நற்கருணை ஞாயிறு, மாமியார் என் கையைப் பிடித்து எழுப்பினாள். அவள் பெண்கள் சங்கத் தலைவி. புது மருமகளைப் பீடத்துக்குக் கூட்டிப் போகிற பெருமையில் அவள் நடந்தாள். நான் வாயைத் திறந்திருக்கலாம். திறக்கவில்லை. ஒரு தரம் போனபிறகு அடுத்த தரம் போகாமலிருந்தால் ஏன் என்று கேட்பார்கள். இப்படியே அறுபத்திரண்டு வருஷம்.

துரைமணியிடம் சொல்லி, அந்தத் தூர தேசத்தில், நம் ஊர்க்கண் படாத இடத்தில், தலையில் கை வைக்கச் சொல்ல வேண்டும். நான் ரயிலேறினது இதற்குத்தான். இப்போது பார்த்தால் அவன் குருவானதே என் பொய்யைப் பார்த்துத்தான் என்று அச்சடித்து வைத்திருக்கிறான். கோதாவரிப் பாலத்தின் மேல் வண்டி எவ்வளவு நேரம் போயிற்று என்று கேட்டால் எனக்குத் தெரியாது. தண்ணீர் கண்ணில் படவே இல்லை.

வெள்ளிக்கிழமை, பகல் பதினொன்றே முக்கால். வண்டி ஒரு மணி நேரம் பிந்திக் கொல்கத்தாவின் ஷாலிமார் ஸ்டேஷனில் நின்றது. மஞ்சள் டாக்சி, லேக் கார்டன்ஸ் வரைக்கும் முந்நூற்றைம்பது ரூபாய். கம்பிகளில் தொங்குகிற மாதிரி ஒரு பெரிய பாலம்; கீழே கங்கை. நம் தாமிரபரணி போலத் தெளிவில்லை, ஆனால் அகலத்துக்கு முன்னால் நம்முடையது வாய்க்கால்தான். இதை எழுதுவதில் எனக்கு வருத்தம், இருந்தாலும் உள்ளதைச் சொல்ல வேண்டும். டிரைவர் பீகார்க்காரர். காளி கோயிலுக்கா என்று கேட்டார். எங்கள் பெரிய குருவைப் பார்க்க என்று ஷீபா சொன்னதும், குருவைப் பார்க்க வெறுங்கையோடு போகக் கூடாதே என்றார். இரண்டு கிலோ உடன்குடிக் கருப்பட்டி மடியில் இருக்கிறது என்று சொல்லச் சொன்னேன். ஒரு துண்டு வாங்கி வாயில் போட்டுக்கொண்டு, இந்தக் குரு கொடுத்துவைத்தவர் என்றார்.

லேக் கார்டன்ஸில் ஷீபா மாடியில் குடியிருக்கிறாள். கீழே வீட்டுக்காரி சரோஜா மாமி, எழுபத்திரண்டு வயது. தாத்தா காலத்தில் கும்பகோணத்திலிருந்து பாங்கு வேலைக்கு வந்த குடும்பம். மாமி பிறந்து வளர்ந்து கல்யாணமானதெல்லாம் இங்கேதான். டிகாக்‌ஷன் நம் ஊர்; திட்டுவது வங்காளத்தில். பக்கத்து வீட்டுக்காரரை 'தாதா', அதாவது அண்ணன், என்று கூப்பிட்டுக்கொண்டே அவர் பூந்தொட்டித் தண்ணீர் வழிகிறதற்குச் சண்டை போடுகிறாள். எனக்கு மாமியை உடனே பிடித்துவிட்டது.

ஷீபா மத்தியானமே சால்ட் லேக்குக்கு வேலைக்குப் போய்விட்டாள். நானும் மாமியும் ஏரிக்கரை வரை நடந்தோம். மாசி பிறக்கப் போகிற மாதம், இங்கே இன்னும் குளிர். மண் குவளையில் தேநீர், பத்து ரூபாய். குடித்துவிட்டுக் குவளையைத் தூக்கி எறிய எனக்கு மனசு வரவில்லை, கழுவிப் பைக்குள் வைத்துக்கொண்டேன். வேற்று மதத்தாளிடம் சொல்வது சுலபமாக இருந்தது. சொல்லிவிட்டேன். அறுபத்திரண்டு வருஷத்தில் முதல் ஆள் சரோஜா மாமி.

மாமி கடைசி மடக்குத் தேநீரையும் உறிஞ்சிவிட்டுக் கேட்டாள்.

"நேக்கு உங்காத்து சாஸ்திரம் தெரியாது, பாக்கியம்மா. ஆனா ஒண்ணு கேக்கறேன். சொல்லாம திரும்பிப் போனா சொகமா இருப்பேளா?"

"இருக்க மாட்டேன்."

"சொன்னா?"

"மானம் போவும்."

"எழுபத்தொம்பது வயசுல அதை வெச்சுண்டு என்ன பண்ணப் போறேள்? எனக்குத் தரேளா? நேக்கும் கொறைச்சல்தான்."

சனிக்கிழமை, மாலை நாலு மணி. கரியாஹாட் சந்திப்பிலிருந்து பத்து நிமிஷ நடையில் கோயில். ஷேர் ஆட்டோவில் ஆளுக்குப் பதினைந்து ரூபாய். நம் கோயிலைப் போல வெளியே செருப்பு விடுகிற வழக்கமில்லை. பாயும் இல்லை, நாற்காலிதான். நான் மட்டும் கழற்றிவிட்டுப் போனேன். தரை ஜில்லென்று ஏறியது. ஒன்பது பிள்ளைகள் நாளைக்கு எப்படி நிற்பது, எப்படி முழங்காலிடுவது என்று ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்குள் பேச்சு வங்காளத்தில். சபைக் குருவானவரை இங்கேயும் ஐயர் என்றுதான் கூப்பிடுகிறார்கள். சின்ன வயசுக்காரர், நம் நாசரேத்துப் பக்கம். நாளைக்கு ஆராதனை யூடியூபில் நேரலையாகப் போகிறது, உங்கள் ஊரிலேயும் பார்க்கலாம் பாட்டி என்று சந்தோஷமாகச் சொன்னார். ஷீபா அதைவிடச் சந்தோஷமாக, நம் சேகர வாட்ஸப்பில் நேற்றே அனுப்பிவிட்டேன் என்றாள்.

ஆர்ச்பிஷப்பிடம் என்ன சொல்லிக் கும்பிட வேண்டும் என்று ஷீபா எனக்குச் சொல்லிக்கொடுத்திருந்தாள். 'ஆண்டகை அவர்களுக்குத் தோத்திரம்.' நூறு தரம் சொல்லிப் பார்த்தாயிற்று. கார் வந்தது. எல்லாரும் எழுந்தார்கள். ஊதாச் சட்டை, நெஞ்சில் சிலுவை, விரலில் மோதிரம், நரைத்த தலை, கொஞ்சம் தொந்தி. சிரித்தார். முன்பல்லில் அதே சந்து.

"ஏலே துரைமணி, சாப்ட்டியாலே?"

என் வாய்தான் சொல்லிற்று. நான் சொல்லவில்லை. பிள்ளைகள் ஒன்பதும் திரும்பின. ஐயர் முகம் வெளுத்துவிட்டது. ஷீபா என் இடுப்பில் கிள்ளினாள்.

ஆர்ச்பிஷப் நேரே என் முன்னால் வந்து நின்றார். "இல்லக்கா," என்றார். "பசிக்கி."

நான் முந்தானையில் கட்டியிருந்த கருப்பட்டித் துண்டை எடுத்துக் கொடுத்தேன். அவர் அங்கேயே நின்று கடித்தார். அதற்குப் பிறகு நாங்கள் இரண்டு பேரும் அழுததை எழுத மாட்டேன்.

தனியாகப் பேச வேண்டும் என்றேன். அங்கிகள் தொங்குகிற அறைக்குக் கூட்டிப் போனார். கதவைச் சாத்தச் சொன்னேன். கதவைச் சாத்தினதும் எனக்கு அவன் துரைமணிதான். புத்தகத்தில் நீ எழுதினது பொய் என்று ஆரம்பித்தேன். அம்மை போட்டதிலிருந்து மாமியார் கையைப் பிடித்தது வரைக்கும் நின்றபடியே சொன்னேன்.

மோதிரத்தைச் சுற்றிக்கொண்டே கேட்டான். முடித்ததும், "ஞானஸ்நானமாவது ஆச்சாக்கா?" என்றான்.

"ஆச்சுலே. சீட்டு இருக்கு."

"அப்போ மாசாமாசம் கண்ணைத் தொடச்சிக்கிட்டு வந்தியளே..."

"பயந்தாம்ல. கிண்ணம் ஒதட்டுல பட்டா பொசுங்கிருவேன்னு நெனைப்பேன்."

"நான் அதைப் பக்தின்னுல்லா நெனச்சேன். அதைப் பாத்து குருப்பட்டமே வாங்கிட்டேனே."

சிரிக்க ஆரம்பித்தான். எனக்குக் கோபம் வந்துவிட்டது. இதற்கா ஆயிரத்து அறுநூறு கிலோமீட்டர் வந்தேன் என்று கேட்டேன். சிரிப்பை நிறுத்தினான்.

"முப்பது வருஷமா பிஷப்பா இருக்கேங்க்கா. பீடத்துக்கு வாரவங்கள்ல பயந்துக்கிட்டு வந்தவங்கள விரல் விட்டு எண்ணிரலாம்."

அப்படியானால் இப்போதே, இங்கேயே, கை வைத்துவிடு, நான் ஊருக்குப் போகிறேன் என்றேன். முடியாது என்றான். கதவைச் சாத்திக்கொண்டு செய்கிற காரியமில்லையாம், சபை பார்க்க வேண்டுமாம். அதுவும் இது அவன் சபை இல்லை. இந்த ஊர்ப் பிஷப்பிடம் உத்தரவு கேட்க வேண்டும். எங்கள் சேகர குருவுக்கும் கடிதம் எழுத வேண்டும்.

"ஆர்ச்பிஷப்னா பெரிய ஆளுன்னு நெனச்சேன்லே. எல்லாத்துக்கும் உத்தரவு கேக்கணும்னு சொல்லுதியே."

"மேல போவப் போவக் கட்டுத்தாங்க்கா அதிகம்." பிறகு மெதுவாகச் சொன்னான். "நான் வற்புறுத்த மாட்டேன். பிஷப்புக்கு இப்பமே போன் போட்டுக் கேட்டு வைக்கேன். நாளைக்குப் பிள்ளைய ஒம்பது பேர். பத்து நாற்காலி போடச் சொல்லுதேன். பத்தாவது சும்மா கெடந்தா யாரும் ஏன்னு கேக்க மாட்டாவ."

மாலை ஆறு மணிக்குக் கரியாஹாட் கடைத்தெருவில் நின்றோம். மாமியும் எங்களோடு வந்து சேர்ந்துகொண்டாள். நம் ஊர்த் திருவிழாக் கூட்டம் அங்கே தினமும். நடைபாதை முழுக்கச் சேலை, பாசிமாலை, பாத்திரம், வறுத்த மீன். ஒரு வெள்ளைச் சேலை வேண்டும் என்றேன். எதுக்கு ஆச்சி என்றாள் ஷீபா. அந்த இரைச்சலில், ஒரு பக்கம் பஸ் ஹாரன், ஒரு பக்கம் வளையல்காரன் கத்தல், அவள் காதில் வாயை வைத்துச் சொன்னேன். அவள் கை என் தோளிலிருந்து இறங்கவில்லை. 

"லிங்கை எல்லாருக்கும் அனுப்பிட்டேனே ஆச்சி. டெலீட் பண்ணிரட்டா?"

 முதலில் சேலையைப் பார்ப்போம் என்றேன். கடைக்காரர் வெள்ளையில் சிவப்புக் கரை போட்டதையே எடுத்தெடுத்துப் போட்டார். அது இங்கே சுமங்கலிகள் பூஜைக்குக் கட்டுகிறதாம். நான் தாலி கழற்றிப் பதினோரு வருஷம். கரையில்லாததைக் காட்டினால் விதவை உடுப்பு என்று மாமி முகத்தைச் சுளித்தாள். கடைசியில் ஓரத்தில் ஒற்றைப் பச்சை நூல் ஓடுகிற பருத்திச் சேலை. தொள்ளாயிரத்தைம்பது சொன்னார். மாமி வங்காளத்தில் அவருடைய பரம்பரையையே இழுத்து அறுநூற்றைம்பதுக்கு முடித்தாள். பதினாலு வயதில் உடுத்தியிருக்க வேண்டிய வெள்ளை. பொட்டலத்தை நான் யாரிடமும் கொடுக்கவில்லை. மடியில் வைத்துக்கொண்டே வீடு வந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை, காலை பத்தரை. வங்காளி ஆராதனை முடிந்து தமிழ் ஆராதனை. வெள்ளை உடுத்திப் போனேன். போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்துவிட்டேன். ஒரு பக்கம் ஷீபா, ஒரு பக்கம் மாமி. மாமி பட்டுப்புடவை கட்டி வந்திருந்தாள். முன்னால் பத்து நாற்காலி. ஒன்பதில் பிள்ளைகள். தூணில் கட்டிய கேமரா ஒன்று அந்த நாற்காலிகளையே பார்த்துக்கொண்டிருந்தது. ஷீபா போனில் நம் ஊர்ப் பெயர்களெல்லாம் வந்து விழுந்துகொண்டிருந்தன. 'ஆச்சியக் காணலயே, ஆச்சி எங்க?'  பத்தாவது நாற்காலி சும்மா கிடந்தால் கிடக்கட்டும் என்றுதான் நினைத்தேன். நினைத்தேன் என்று ஒத்துக்கொள்கிறேன்.

ஆர்ச்பிஷப் பிரசங்கத்துக்கு எழுந்தார். பொன் நிற அங்கி, தலையில் உயர்ந்த கிரீடம், கையில் கோல். பார்க்கிறதற்கு ஆயிரம் கண் வேண்டும். "புத்தகத்தில் ஒரு கதை படித்திருப்பீர்கள்," என்றார். "என்னைக் குருவாக்கிய ஓர் அக்காவின் கதை. உலகத்தில் நான் போன இடமெல்லாம் அதைச் சொல்லியிருக்கிறேன். பாதி தெரியாமல் சொன்னேன் என்பது நேற்றுத்தான் தெரிந்தது. மீதி என்னுடையது இல்லை. ஆகவே இனி அந்தக் கதையை நான் சொல்ல மாட்டேன்." அவ்வளவுதான். என் பக்கம் திரும்பக்கூட இல்லை. வேதவசனத்துக்குப் போய்விட்டார்.

எனக்குப் பொறுக்கவில்லை. பனையேறி மகன் கடல் தாண்டிப் போகும்போது கையில் கொண்டுபோனது அந்த ஒரு கதைதான். புயலிலும் படகிலும் அதை வைத்துக்கொண்டு அறுபத்தைந்து வயது வரைக்கும் வந்தவன், என் மானத்துக்காகச் சத்தமில்லாமல் அதைக் கீழே வைக்கிறான். நான் சோறு போட்டு வளர்த்த பிள்ளையிடமிருந்து பிடுங்கி வாங்குகிறதா?

பிரசங்கம் முடிந்து பிள்ளைகள் பெயரைக் கூப்பிடுகிற நேரம் எழுந்தேன். மாமி என் முழங்கையைப் பிடித்துத் தூக்கிவிட்டாள். ஷீபா கூட வரப் பார்த்தாள், வேண்டாம் என்றேன். செருப்பில்லாத காலோடு அந்த நடுவழியில் நடந்தேன். கேமராவைப் பார்த்துத்தான் நடந்தேன். ஒளிந்து நடக்கவில்லை. பத்தாவது நாற்காலியில் உட்கார்ந்தேன்.

பக்கத்தில் பதினாலு வயதுப் பெண், கண்ணாடி போட்டவள். குனிந்து கேட்டாள். "பாட்டி, அரியர் வெச்சிருந்தீங்களா?"

"ஆமா மக்ளே. அறுபத்தஞ்சு வருஷ அரியர்."

"எங்க அண்ணன் ரெண்டே வருஷத்துக்கு அழுதான்," என்றாள்.

உடன்படிக்கைக் கேள்விகள் கேட்டார்கள். பிள்ளைகளுக்குத் தமிழில் பதில் நாக்கில் புரளவில்லை, தாளைப் பார்த்து இழுத்தார்கள். எனக்குத் தாள் எதற்கு? முப்பத்தெட்டு வருஷம் விடுதிப் பையன்கள் மனப்பாடம் செய்வதைக் கேட்டுக்கொண்டே குழம்பு தாளித்தவள். என் சத்தம் கொஞ்சம் அதிகமாகவே இருந்தது என்று மாமி பிறகு சொன்னாள். இருக்கட்டும்.

வரிசையில் கடைசியாக நான் முழங்காலிட்டேன். எழுபத்தொன்பது வயதில் மண்டியிடுவது சுலபமில்லை. ஆர்ச்பிஷப் ஒரு கையைக் கொடுத்து இறக்கினார். பெயர் கேட்டார். தெரியாதவர் போலக் கேட்டார், அதுதான் முறை. "தங்கபாக்கியம்," என்றேன். இரண்டு கையும் என் தலைமேல் இறங்கியது. கனமான கை. கரடு தட்டின கை, கூரை போட்ட கை. மோதிரம் நெற்றியில் உறுத்திற்று. அவர் ஜெபித்ததில் ஒரு வார்த்தைகூட எனக்கு ஞாபகமில்லை.  

அதன்பின் நற்கருணை. அப்பத்தை அவரே என் உள்ளங்கையில் வைத்தார். கிண்ணம் உதட்டில் பட்டது. ஒன்றும் பொசுங்கவில்லை. ரசம் இனிப்பாக இருந்தது. அறுபத்திரண்டு வருஷம் குடித்தும் அது இனிப்பு என்று எனக்குத் தெரியாது.

வெளியே வந்ததும், சேகர குருவுக்கு என்னவென்று எழுதட்டும் என்று கேட்டான். நீ எழுத வேண்டாம், நானே எழுதுகிறேன், கதையை மட்டும் திரும்ப எடுத்துக்கொள் என்றேன். முழுசாகவா என்று கேட்டான். முழுசாகத்தான், அம்மையிலிருந்து சொல் என்றேன். கருப்பட்டிப் பொட்டலத்தை அவனே தூக்கிக்கொண்டு காரில் ஏறினான்.

திங்கள், செவ்வாய் ஷீபாவோடு ஊர் சுற்றிப் பார்த்தேன். டிராம் வண்டித் தண்டவாளம், சால்ட் லேக்கில் கண்ணாடிக் கட்டடங்கள், சந்தேஷ் என்கிற பால் இனிப்பு ஒன்று பதினைந்து ரூபாய். இன்று புதன்கிழமை. நாளைக்குத் திரும்புகிற வண்டி. வெளியூரில் ஒரு காரியத்தைச் செய்துவிட்டு ஊருக்குப் போவது, மற்றவர்களுக்கு முடிகிற இடம். எனக்கு அங்கேதான் ஆரம்பம். இங்கே என்னைத் தெரிந்தவர்கள் மூன்று பேர். அங்கே தெரு முழுக்க. ஞாயிறு பகலிலிருந்து ஷீபா போன் அடித்துக்கொண்டே இருக்கிறது. நான் இன்னும் எடுத்துப் பேசவில்லை. பயந்து இல்லை, போனில் கால் மணி நேரத்தில் சொல்லி முடிக்கிற காரியமில்லை என்பதால் உட்கார்ந்து எழுதினேன்.

நான் இத்தனை வருஷம் உங்களோடு ஒரே பந்தியில் பொய்யாக முழங்காலிட்டேன். அதற்குச் சேகர குருவும் கமிட்டியும் என்ன சொல்கிறார்களோ, கேட்டுக்கொள்கிறேன். வருகிற நற்கருணை ஞாயிறு அந்தப் பச்சை நூல் சேலையில் வருவேன். பக்கத்தில் முழங்காலிட மனமில்லாதவர்கள் அடுத்த வரிசைக்குப் போகலாம், நான் வருத்தப்பட மாட்டேன். கொஞ்சம் படுவேன்.

ஷீபா, எழுதினது போதும். முதலிலிருந்து சத்தமா வாசி மக்ளே. எங்கயாவது நான் பூசி மெழுகியிருந்தா, அந்த எடத்துல நிறுத்திரு.